கட்டளைகளின் முன் நிற்கும் மனிதன்
கீஸ்லோவ்ஸ்கியின் திரைப்படங்களில் அறமும் நம்பிக்கையும்

(விழா அரங்கில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



கொல்லாதே, பொய் கூறாதே, பிறர் பொருளைக் கவராதே என்னும் அறிவுரைகள் இல்லாத சமயம் உலகில் இல்லை. பள்ளி செல்லும் குழந்தையும் அவற்றை வரிசை மாறாமல் ஒப்பிக்கும். ஆனால் வாழ்க்கையில் அவை அந்த வரிசையில் வந்து நிற்பதில்லை. ஓர் உயிரைக் காக்க ஒரு பொய் தேவைப்படும் நேரம் வரும். சட்டத்தைக் காப்பதற்கே ஓர் உயிர் பறிக்கப்படும் நேரமும் வரும். அப்பொழுது மனிதன் என்ன செய்கிறான்? இந்த வினாவைத் தம் வாழ்நாள் முழுவதும் திரையில் எழுப்பியவர் போலந்து நாட்டு இயக்குநர் கிறிஸ்டோஃப் கீஸ்லோவ்ஸ்கி. அவருடைய கலைப்பயணமே இவ்வுரையின் பொருள்.

திரைப்படத்தைக் கேளிக்கை என்று ஒதுக்கும் பெரியோர் உண்டு. அறத்தைப் போதிக்கும் கருவியாக மட்டும் அதனைக் கொள்வோரும் உண்டு. கீஸ்லோவ்ஸ்கி இவ்விரு வழிகளிலும் செல்லவில்லை. அவர் எதையும் போதிக்கவில்லை. ஒரு மனிதனை அறநெறி ஒன்றின் முன் நிறுத்தி, அவன் என்ன செய்கிறான் என்பதைப் பொறுமையாகப் பார்த்தார். அதற்கு முன், அவ்வாறு பார்ப்பதற்குத் தமக்கு உரிமை உண்டா என்று தம்மையே வினவினார். அவருடைய வரலாறு தொடங்க வேண்டிய இடம் அதுவே.

1941ஆம் ஆண்டு ஜூன் 27ஆம் நாள் வார்சா நகரில் அவர் பிறந்தார். தந்தையார் பொறியாளர், காசநோயால் வருந்தியவர். அவருடைய மருத்துவத்தின் பொருட்டுக் குடும்பம் ஊர் ஊராக இடம்பெயர்ந்தது. தந்தையாரை அந்நோயே கொண்டு சென்றது. இளமையில் தீயணைப்போர் பயிற்சிக் கல்லூரியில் சேர்ந்த கீஸ்லோவ்ஸ்கி, சில மாதங்களிலேயே அதை விட்டு வெளியேறினார். சீருடையும் கட்டளையும் அவருக்கு ஒத்துவரவில்லை. பின்னர் நாடகத் தொழில்நுட்பக் கல்லூரியில் பயின்றார். ஊட்ச் நகரின் புகழ்பெற்ற திரைப்படக் கல்லூரி அவரை இருமுறை திருப்பி அனுப்பியது; மூன்றாம் முறை, 1964இல், சேர்த்துக்கொண்டது.

அங்கிருந்து வெளிவந்தவர் முதலில் நாடிச் சென்றது ஆவணப்படங்களையே. பொதுவுடைமை ஆட்சியில் நாளிதழ்களும் வானொலியும் கூறிய போலந்து ஒன்று. மக்கள் வாழ்ந்த போலந்து வேறொன்று. தொழிற்சாலை, மருத்துவமனை, அலுவலகம், தொடர்வண்டி நிலையம் ஆகியவற்றை உள்ளவாறே பதிவு செய்தல் உண்மைக்குச் செய்யும் தொண்டு என அவர் நம்பினார். அந்த நம்பிக்கை சிறிது சிறிதாகச் சோதனைக்கு உள்ளாயிற்று.

1977இல் அவர் எடுத்த 'இரவுக் காவலாளியின் பார்வையில்' என்னும் சிறு படம் ஒரு தொழிற்சாலைக் காவலாளியைப் பற்றியது. விதிகளை மனிதரினும் மேலாக மதிப்பவர் அவர். பிறரைக் கண்காணிப்பதிலும் தண்டனை வாங்கித் தருவதிலும் இன்பம் காண்பவர். அவருடைய வாய்மொழியே அவரைக் காட்டிக்கொடுத்தது. படம் பாராட்டுப் பெற்றது. ஆயினும் அதனைத் தொலைக்காட்சியில் ஒளிபரப்புவதை இயக்குநரே எதிர்த்தார். அண்டை அயலார் அந்த மனிதரை எள்ளி நகையாடுவர் என அஞ்சினார். அவர் எதிர்த்தது ஒரு மனப்போக்கை. அந்தத் தனி மனிதரைத் தண்டிக்க அவர் விரும்பவில்லை.

1980இல் வார்சா மத்திய தொடர்வண்டி நிலையத்தில் மற்றோர் ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருந்தார். ஓரிரவு காவல்துறையினர் வந்து, பதிவான படச்சுருள்களை எடுத்துச் சென்றனர். தாயைக் கொன்ற பெண்ணொருத்தி, உடலைப் பெட்டிகளில் அடைத்து அந்நிலையத்தின் பொருள் காப்பறையில் வைத்திருந்தாள். படக்கருவி அவளைப் பதிவு செய்திருக்கக்கூடும் என்று அவர்கள் எண்ணினர். சுருள்களில் அவள் இல்லை. அவை திருப்பித் தரப்பட்டன. வழக்கு அத்துடன் முடிந்தது. கீஸ்லோவ்ஸ்கிக்கு அது முடியவில்லை. அவள் தற்செயலாகப் படக்கருவியின் முன் வந்திருந்தால், தாம் விரும்பாமலேயே காவல்துறையின் கையாளாகியிருப்போம் என உணர்ந்தார். கொலைகாரி பிடிபடுவது நல்லதே என்று பலர் கூறலாம். ஆனால் தம் கருவி எதற்குப் பயன்படும் என்பதைத் தாம் முடிவு செய்ய இயலாது என்பதே அவரை உலுக்கியது.

உண்மையான கண்ணீரைப் படமெடுக்கத் தமக்கு உரிமை உண்டா என்னும் ஐயமும் அவரை வருத்தியது. இளம் இணையர் ஒருவரின் கருவுற்ற நாள்களையும் குழந்தை பிறப்பையும் அவர் முன்னர்ப் பதிவு செய்திருந்தார். அவ்வளவு அருகில் சென்ற பின்னரே, எங்கே நிறுத்திக்கொள்ள வேண்டும் என்ற வினா எழுந்தது. நடிகரின் கண்ணில் மருந்திட்டு வரவழைக்கும் கண்ணீர் யாரையும் புண்படுத்தாது. ஆகவே அவர் ஆவணப்படத்தைத் துறந்து கதைப்படத்துக்குச் சென்றார். பிறர்க்குத் தீங்கு நேராதிருக்கத் தாம் தேர்ந்த துறையையே ஒருவர் விட்டு விலகினார் என்பது எண்ணத்தக்கது.

இந்த மனப்போராட்டத்தையே 1979இல் 'அமட்டோர்' என்னும் கதைப்படமாக அவர் முன்னரே ஆக்கியிருந்தார். ஃபிலிப் என்னும் தொழிலாளி, பிறந்த மகளைப் படமெடுக்க ஒரு சிறு படக்கருவி வாங்குகிறான். விரைவில் ஆலையையும் தெருவையும் படமெடுக்கத் தொடங்குகிறான். அவன் காட்டிய உண்மையால் வேறொருவர் வேலையிழக்கிறார். மனைவி அவனைப் பிரிகிறாள். இறுதியில் கருவியைத் தன் முகத்தை நோக்கியே திருப்புகிறான். மாஸ்கோ திரைப்பட விழாவில் முதற்பரிசு பெற்ற படம் இது.

அவையோரே, இதற்கு நேர்மாறான ஒரு நிகழ்ச்சியும் அவர் வாழ்வில் உண்டு. 1981 டிசம்பர் 13ஆம் நாள் போலந்தில் இராணுவச் சட்டம் அறிவிக்கப்பட்டது. அரசை எதிர்த்துச் சுவரில் எழுதியோரும் துண்டறிக்கை வைத்திருந்தோரும் நீதிமன்றங்களில் நிறுத்தப்பட்டனர். அவ்வழக்குகளைப் படமெடுக்க விரும்பிய கீஸ்லோவ்ஸ்கி அனுமதி பெற்று உள்ளே சென்றார். அவர் படக்கருவி இயங்கத் தொடங்கியதும், நீதிபதிகள் சிறைத்தண்டனை விதிக்கத் தயங்கினர். அநீதியான தீர்ப்பை உரைக்கும் தம் முகம் பதிவாவதை அவர்கள் விரும்பவில்லை. இதனை அறிந்த வழக்கறிஞர்கள், தத்தம் வழக்குகளுக்கு வருமாறு அவரை வேண்டினர். அவர் மேலும் ஒரு கருவியை வரவழைத்தார். அதில் படச்சுருளே இல்லை. கருவி அங்கே நின்றாலே போதுமானதாக இருந்தது. எடுக்க எண்ணிய படம் உருவாகவேயில்லை. சிலர் சிறை செல்லாமல் வீடு திரும்பினர். தொடர்வண்டி நிலையத்தில் ஒருவரைச் சிக்கவைத்திருக்கக்கூடிய அதே கருவி, இங்கே காப்பரணாயிற்று.

அந்த நீதிமன்றங்களில்தான் கிறிஸ்டோஃப் பியெசெவிச் என்னும் வழக்கறிஞரின் நட்பு அவருக்குக் கிடைத்தது. பின்னர் அவர் எடுத்த கதைப்படங்கள் எல்லாவற்றுக்கும் திரைக்கதையில் துணைநின்றவர் இவரே. இருவரும் முதலில் உருவாக்கியது 1985இல் வெளிவந்த 'முடிவில்லை'. இராணுவச் சட்டக் காலத்தின் சோர்வைக் கூறிய அப்படத்தை அரசும் சாடியது, எதிர்க்கட்சியினரும் சாடினர், திருச்சபையினரும் சாடினர். பின்னொரு நாள், பத்துக் கட்டளைகளைப் பற்றி யாராவது படம் எடுக்க வேண்டும், அதை நீரே எடுக்கலாம் என்று பியெசெவிச் கூறினார். அச்சொல்லிலிருந்து தோன்றியதே 'டெக்கலாக்'.

'டெக்கலாக்' பத்துப் படங்கள் கொண்ட தொகுப்பு. ஒவ்வொன்றும் ஏறக்குறைய ஒரு மணி நேரம். போலந்துத் தொலைக்காட்சிக்காக 1988இல் நிறைவு செய்யப்பட்டது. பத்துக் கதைகளிலும் வருவோர் வார்சா நகரின் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பில் வாழ்வோர். ஒரு கதையின் மாந்தர் மற்றொரு கதையில் மின்தூக்கியில் எதிர்ப்படுவர். பத்துப் படங்களுக்கும் ஒன்பது ஒளிப்பதிவாளர்கள். பெரும்பாலான கதைகளில் பேசாத ஓர் இளைஞன் தோன்றுகிறான். முடிவெடுக்கும் நொடியில் மனிதரை உற்று நோக்குகிறான், எதையும் தடுப்பதில்லை. அவன் யார் என்பதைப் படம் கூறுவதில்லை.

முதற்படத்தில் பல்கலைக்கழக ஆசிரியர் ஒருவரும் அவருடைய சிறுவயது மகனும் கணிப்பொறியில் ஈடுபாடு கொண்டவர்கள். அளக்கக்கூடியது எல்லாம் அறியக்கூடியதே என்பது தந்தையின் கொள்கை. சிறுவனின் அத்தையோ இறைநம்பிக்கை உடையவர். உறைந்த ஏரியில் மகன் சறுக்கி விளையாடலாமா எனத் தந்தை கணக்கிடுகிறார். பனிக்கட்டி அவனைத் தாங்கும் எனக் கணிப்பொறி கூறுகிறது. ஐயம் தீர அவரே இரவில் ஏரிமீது நடந்தும் பார்க்கிறார். மறுநாள் பனி உடைகிறது, சிறுவன் மாண்டுபோகிறான். கட்டி முடிக்கப்படாத ஒரு கோயிலுக்குள் சென்ற தந்தை, பீடத்தைத் தள்ளிக் கவிழ்க்கிறார். மெழுகுவர்த்தியின் உருகிய மெழுகு அன்னை மரியின் திருவுருவப் படத்தின் முகத்தில் சொட்டிக் கண்ணீர்போல் இறங்குகிறது.

இதனை அறிவியலுக்கு இறைவன் அளித்த தண்டனை என்று கொள்வது எளிது. ஆனால் படம் அவ்வாறு கூறவில்லை. அத்தந்தை செருக்குற்றவர் அல்லர். அன்பும் கவனமும் மிக்கவர். செய்யவேண்டிய சோதனைகளையெல்லாம் செய்தவர். அத்தகையவரின் கணக்கும் ஓர் எல்லையில் நின்றுவிடுகிறது. அவ்வெல்லைக்கு அப்பால் இருப்பது அருளா, வெறுமையா என்பதை இயக்குநர் தீர்த்துச் சொல்லவில்லை. அவர் கோயில் வழிபாட்டில் பங்கேற்றவர் அல்லர். எனினும் மனிதர்க்கு அப்பாற்பட்ட ஓர் அளவுகோல் தேவை என்னும் எண்ணத்தைக் கைவிட்டவரும் அல்லர்.

கொல்லாமையைத் தலையாய அறமாகப் போற்றும் இந்த அவைக்கு மிக நெருக்கமானது ஐந்தாம் படம். 'கொலை பற்றிய ஒரு குறும்படம்' என விரித்து, திரையரங்குகளுக்கென 1988இல் அது வெளியிடப்பட்டது. யாசெக் என்னும் இளைஞன் நகரில் நோக்கமின்றித் திரிகிறான். வாடகைக் கார் ஒன்றில் ஏறி, ஊர்ப்புறத்துக்குச் சென்று, ஓட்டுநரைக் கொல்கிறான். ஏன் கொன்றான் என்பதற்குத் தக்க விடை இல்லை. வழக்காடும் பியோட்டர், அப்போதுதான் தேர்வில் வென்று தொழில் தொடங்கிய இளம் வழக்கறிஞர். இது அவருடைய முதல் வழக்கு. வழக்கில் தோல்வி. யாசெக் தூக்கிலிடப்படுகிறான்.

கதை இவ்வளவே. அதைக் காட்டிய முறையில்தான் படத்தின் வலிமை இருக்கிறது. ஒளிப்பதிவாளர் ஸ்வாவோமிர் இட்ஜியாக் லென்சின் முன் பச்சை ஃபில்டர்களை இட்டு, நகரையே நோயுற்றதுபோல் காட்டினார். வழக்கமான படங்களில் கொலை நொடியில் முடிந்துவிடும். இங்கே அது பல நிமிடங்கள் நீள்கிறது. ஓர் உயிரைப் பறிப்பது எவ்வளவு கடினமானது, எவ்வளவு அருவருப்பானது என்பதைப் பார்ப்பவர் தப்பமுடியாமல் காண்கிறார். அதன்பின் அரசு செய்யும் கொலையையும் அதே பொறுமையுடன் இயக்குநர் காட்டுகிறார். தூக்குமேடையின் திரை சரிபார்க்கப்படுகிறது. கயிற்றின் நீளம் பார்க்கப்படுகிறது. அலுவலர்கள் தத்தம் பணியைச் செய்கின்றனர். முதற்கொலையில் வெறி இருந்தது. இரண்டாவதில் ஒழுங்கு இருக்கிறது. இரண்டிலும் ஓர் உடல் வாழப் போராடுகிறது.

ஓட்டுநரை நல்லவராகக் காட்டி இரக்கம் வரவழைக்கவும் இயக்குநர் முயலவில்லை. அவர் பிறரை அலைக்கழிப்பதில் மகிழ்பவர். யாசெக்கும் நல்லவன் அல்லன். தூக்குக்குச் சற்று முன்னர், அவன் தன் தங்கையைப் பற்றி வழக்கறிஞரிடம் கூறுகிறான். அவனுடன் குடித்த நண்பன் ஓட்டிய டிராக்டரில் அடிபட்டு அச்சிறுமி இறந்தவள். தன்னைக் குடும்பக் கல்லறையில் அடக்கம் செய்யவேண்டும் என்பதே அவன் வேண்டுகோள். அது அவன் குற்றத்தைக் குறைப்பதற்காகச் சொல்லப்பட்டதன்று. கொல்லப்படப்போகிறவன் ஒரு மனிதன் என்பதை நினைவூட்டுவதற்கே. நல்லவர்களுக்கு மட்டும் உரியதன்று உயிர். கொல்லாமை என்னும் அறம், அன்புக்குரியவரிடத்து எளிது. அருவருப்பூட்டுபவரிடத்தே அது சோதிக்கப்படுகிறது.

அப்படம் கான் விழாவில் நடுவர் பரிசும், அதே ஆண்டு புதிதாகத் தொடங்கப்பட்ட ஐரோப்பியத் திரைப்பட விருதுகளில் சிறந்த படத்துக்கான விருதும் பெற்றது. போலந்தில் அப்பொழுது மரணதண்டனை பற்றிய விவாதம் சூடாக நடந்துகொண்டிருந்தது. 1988 ஏப்ரலுக்குப் பின் அங்கு எவரும் தூக்கிலிடப்படவில்லை. 1997இல் இயற்றப்பட்ட புதிய தண்டனைச் சட்டம் மரணதண்டனையை நீக்கியது. ஒரு படமே சட்டத்தை மாற்றிற்று எனல் மிகையாகும். ஆயினும் அந்த விவாதத்தில், எண்களும் பிரிவுகளும் மறைத்துவைத்திருந்த கயிற்றை எல்லோரும் காணச் செய்தது அப்படம்.

வாய்மையைப் பற்றியது எட்டாம் படம். சோஃபியா என்னும் அறவியல் பேராசிரியையின் வகுப்புக்கு, அமெரிக்காவிலிருந்து எல்ஷ்பியெட்டா என்னும் ஆய்வாளர் வருகிறார். அவர் வகுப்பில் ஒரு நிகழ்ச்சியைக் கூறுகிறார். 1943, செருமானியர் ஆதிக்கக் காலம். ஆறு வயது யூதச் சிறுமிக்கு அடைக்கலம் தர ஒரு குடும்பம் முன்வருகிறது. அவளுக்குத் திருமுழுக்குச் சான்று வேண்டும். சான்றளிப்பதாகக் கூறிய கிறித்தவ இணையர் இறுதி நொடியில் மறுக்கின்றனர். தாம் நம்பும் இறைவன் முன் பொய்ச்சான்று பகர இயலாது என்பது அவர்கள் கூறிய காரணம். ஊரடங்கு நேரத்தில் சிறுமி தெருவுக்கு அனுப்பப்படுகிறாள். அச்சிறுமியே எல்ஷ்பியெட்டா, மறுத்தவர் சோஃபியா.

உண்மைக் காரணம் வேறு. அடைக்கலம் தரவிருந்த குடும்பம் கெஸ்டபோ காவல்படையின் உளவாளிகள் எனச் செய்தி வந்திருந்தது. சிறுமியை அனுப்பினால் மறைமுக அமைப்பே அழிந்துவிடும். அச்செய்தி பொய் எனப் பின்னர்த் தெரிந்தது. சோஃபியா அதன்பின் பலரைக் காப்பாற்றினார். அந்த ஓர் இரவு மட்டும் அவரை விட்டு நீங்கவில்லை. எந்தக் கருத்தும் ஒரு குழந்தையின் உயிரைவிடப் பெரிதன்று என்பது அவர் நாற்பது ஆண்டுகளில் கற்ற பாடம். பொய்யாகக் குற்றம் சாட்டப்பட்ட அந்த வீட்டுக்காரரைக் காண எல்ஷ்பியெட்டா செல்கிறார். அவர் ஒரு தையற்காரர். போர்க்காலத்தைப் பற்றிப் பேச அவர் மறுக்கிறார். உடை தைக்க வேண்டுமானால் தைத்துத் தருவேன் என்ற அளவிலேயே நிற்கிறார். இறுதியில் சாளரத்தின் பின் நின்று, வெளியே பேசிக்கொண்டிருக்கும் இரு பெண்களையும் பார்க்கிறார். நல்லது செய்ய முன்வந்தவர் அடைந்த பழிக்கு ஈடு செய்ய ஒரு வழியும் இல்லை. மன்னிப்பு எல்லா இடங்களிலும் நிறைவு பெறுவதில்லை என்பதை அக்காட்சி கூறுகிறது.

பத்தாம் படம் பொருளாசையைப் பற்றியது. அதை இயக்குநர் நகைச்சுவையாக அமைத்தார். இறந்துபோன தந்தை விட்டுச்சென்ற அஞ்சல்தலைத் தொகுப்பு பெருமதிப்புடையது என இரு சகோதரர்கள் அறிகின்றனர். அதுவரை அவற்றைப் பொருட்படுத்தாதவர்கள், சாளரத்துக்குக் கம்பியிடுகின்றனர். காவலுக்கு நாய் வாங்குகின்றனர். அரிய அஞ்சல்தலை ஒன்றைப் பெறும் பொருட்டு மூத்தவர் தம் சிறுநீரகத்தையே கொடுக்கிறார். அவர் மருத்துவமனையில் இருக்கும்போது தொகுப்பு முழுதும் களவு போகிறது. ஒருவர்மேல் ஒருவர் ஐயுற்று, தனித்தனியே காவலரிடம் சென்று முறையிடுகின்றனர். பின்னர் உண்மை உணர்ந்து வாய்விட்டுச் சிரிக்கின்றனர். பொருளைச் சேர்த்தபோது பிரிந்தவர்கள், அதை இழந்தபோது மீண்டும் உடன்பிறந்தவர்கள் ஆகின்றனர்.

பின்னர் அவர் பிரான்சு நாட்டில் பணியாற்றினார். 'வெரோனிக்கின் இரட்டை வாழ்வு' 1991இல் வந்தது. 1993, 1994ஆம் ஆண்டுகளில் 'நீலம்', 'வெள்ளை', 'சிவப்பு' என்னும் மூவண்ணப் படங்கள் வெளிவந்தன. 'நீலம்' வெனிசு விழாவில் தங்கச் சிங்கம் பெற்றது. 'வெள்ளை' பெர்லின் விழாவில் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக் கரடியைப் பெற்றுத் தந்தது. சுதந்திரம், சமத்துவம், சகோதரத்துவம் என்னும் மூன்று கொள்கைகளும் ஒரு தனிமனிதரின் வாழ்வில் என்ன பொருள் பெறுகின்றன என்பதே அவற்றின் ஆய்வு.

மூன்று படங்களிலும் ஒரு சிறு காட்சி திரும்ப வருகிறது. கூன் விழுந்த முதியவர் ஒருவர், கண்ணாடிப் புட்டி ஒன்றைச் சேகரிப்புத் தொட்டியின் துளைக்குள் தள்ள முயல்கிறார், கை எட்டவில்லை. 'நீலம்' படத்தின் நாயகி தன் துயரில் மூழ்கிக் கண்மூடி அமர்ந்திருப்பதால் அதைக் காணவில்லை. 'வெள்ளை' படத்தின் நாயகன் கண்டு இளநகை புரிகிறான். 'சிவப்பு' படத்தின் நாயகி வாலன்டைன் அருகில் சென்று புட்டியை உள்ளே தள்ளி விடுகிறாள். எளிய செயல். ஆனால் காணாமை, கண்டும் வாளாவிருத்தல், கண்டு உதவுதல் என்னும் மூன்று நிலைகளை இதனினும் தெளிவாக விளக்குதல் அரிது.

'சிவப்பு' படத்தில் ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர் அண்டை வீட்டாரின் தொலைபேசி உரையாடல்களை ஒட்டுக்கேட்கிறார். தாம் ஒருகாலத்தில் குற்றவாளி ஒருவனைத் தவறாக விடுதலை செய்ததையும், அவன் அதன்பின் குடும்பத்துடன் அமைதியாக வாழ்வதையும் கூறுகிறார். அத்தீர்ப்பு சட்டத்துக்கு மாறானது. ஒரு வாழ்வைக் காத்தது. யாசெக்கைத் தூக்கிலிட்ட தீர்ப்போ சட்டத்துக்கு உட்பட்டது. இரண்டையும் அருகருகே வைத்துப் பார்த்தால், இயக்குநர் எங்கே வந்து சேர்ந்தார் என்பது விளங்கும். வாலன்டைனின் வெறுப்பையும் இரக்கத்தையும் கண்ட நீதிபதி, தம் செயலை அண்டை வீட்டார்க்கும் காவல்துறைக்கும் தாமே எழுதித் தெரிவிக்கிறார். காவலாளியின் படத்தை மறைக்க விரும்பியவரும், தொடர்வண்டி நிலையத்தில் தம் கருவியைக் கண்டு அஞ்சியவருமாகிய கலைஞரே இந்த நீதிபதியைப் படைத்தார் என்பதை மறத்தல் ஆகாது.

அப்படத்துடன் தாம் ஓய்வு பெறுவதாக அவர் அறிவித்தார். 1996 மார்ச் 13ஆம் நாள், இதய அறுவை மருத்துவத்துக்குப் பின், 54ஆம் வயதில் வார்சாவில் காலமானார். பொவோன்ஸ்கி இடுகாட்டில் அவர் கல்லறைமேல் இரு கைகளின் சிற்பம் உள்ளது. விரல்கள் கூடி ஒரு படச்சட்டத்தின் வடிவில் நிற்கின்றன.

அன்பார்ந்த பெற்றோர்களே, 'டெக்கலாக்' படங்கள் வளர்ந்த பிள்ளைகளுடன் அமர்ந்து காணத்தக்கவை. ஐந்தாம் படம் மட்டும் சிறுவர்க்கு ஏற்றதன்று. ஒரு மாலைக்கு ஒன்று போதும். படம் முடிந்ததும் தொலைக்காட்சியை அணைத்துவிட்டு, அந்தத் தந்தை வேறென்ன செய்திருக்கலாம், அந்தப் பேராசிரியை சிறுமியை அனுப்பியது சரியா எனப் பிள்ளைகளிடம் கேட்கலாம். அவர்கள் கூறும் விடை பெரியோர் எதிர்பார்த்ததாக இராமற் போகலாம். பொறுமையுடன் கேட்பது நன்று. மனப்பாடம் செய்த அறம் வாழ்க்கையின் நெருக்கடியில் கைகொடுக்க வேண்டுமானால், அதைப் பற்றி வீட்டில் முன்கூட்டியே பேசிப் பழகியிருத்தல் வேண்டும்.